இணைச்சீருக்கு முன் தீர வேண்டிய போர்

முருகன் துணை

சேவூர்,
5.5.2025, திங்கள்

அன்புள்ள தம்பி மோகன்குமாருக்கு,

அக்கா ராசாத்தாள் எழுதுவது. இங்கே நானும் உன் மச்சானும் நலம். நீ நலமா என்று கேட்க இன்னும் மனம் வரவில்லை. ஆனாலும் கேட்டதாக வைத்துக்கொள்.

நேற்று சாயந்திரத்திலிருந்து மச்சானைக் கூப்பிட்டு, "அக்கா ஏன் போனை எடுக்கறதில்லீங்க" என்று கேட்டுக்கொண்டே இருக்கிறாயாம். எடுக்கமாட்டேன். போனில் நீயும் நானும் ஒரே சமயத்தில் பேசுகிறோம். யார் பேச்சும் யார் காதிலும் விழுவதில்லை. கடிதம் என்றால் ஒருத்தர் முடித்த பிறகுதான் இன்னொருத்தர் ஆரம்பிக்க முடியும். அதனால் இனிமேல் நமக்குள் தபால்தான்.

நேற்று உன் நிச்சயத்தில் நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன். கூட்டிச் சொன்னேன், குறைத்துச் சொன்னேன் என்று நாளைக்கு நீ சொல்லக்கூடாது.

பந்தி நடந்துகொண்டிருந்தது. மண்டபத்து மூலையில் டி.வி. ஓடியது. காஷ்மீருக்குச் சுற்றிப் பார்க்கப் போன அப்பாவிகளைக் கொன்ற நாளிலிருந்து, நாடு போருக்குப் போகலாமா கூடாதா என்று அதில் கத்திக்கொண்டே இருக்கிறார்கள். நம் ஆட்கள் சோற்றைப் பிசைந்துகொண்டே, "உடக்கூடாதுங்க, அடிச்சுப்போடோணும்" என்றார்கள். நீயும் சொன்னாய். நான் பாயசத் தூக்கோடு வந்தவள், "அடிக்கோணும்னு சொல்றவங்க எல்லாம் கை தூக்குங்க. உங்க ஊட்டுல இருந்து யாரு போறாங்கன்னு சொல்லிப்போட்டுப் பாயசம் வாங்கிக்குங்க" என்றேன். சிலர் சிரித்தார்கள். கல்யாணப் பெண் பிரவீனாவின் அப்பா நாச்சிமுத்து மாமா இலையைவிட்டு எழுந்து போனார். அதே நேரம் டி.வி.யும் நின்றது.

அப்போது நீ என்ன சொன்னாய் என்பதை நீ மறந்திருந்தால் நான் எழுதித் தருகிறேன். "எட்டாங்கிளாசோட நின்னவளுக்கு நாட்டு வெவகாரம் எதுக்குக்கா, போயிப் பாயசத்தைப் பாரு."

நான் எட்டோடு நின்றது உண்மை. அதற்குப் பிறகு ரேஷன் பையில் கட்டிவந்த பேப்பரைக்கூடப் படிக்காமல் மடித்ததில்லை என்பதும் உண்மை. நீ பாலிடெக்னிக் படித்தபோது உன் புத்தகத்தைப் படித்து மோட்டார் பம்ப் எப்படித் தண்ணீர் இழுக்கிறது என்று மச்சானுக்கு விளக்கியவள் நான்.

வைகாசி இருபத்தைந்து உன் கல்யாணம். மாப்பிள்ளையின் கூடப்பிறந்தவள் வந்து நின்று இணைச்சீர் செய்யாமல் நம் ஜனத்தில் கல்யாணம் எழும்பாது. நான் வர வேண்டுமானால் ஒன்று செய். நாடு போருக்குப் போக வேண்டும் என்று நீ ஏன் சொல்கிறாய், வேண்டாம் என்கிற நான் எங்கே தப்பு, இதை உன் கம்பெனி மேனேஜருக்கு எழுதுகிற மாதிரி எனக்கு எழுது. நான் திருப்பி எழுதுவேன். அதற்கும் எழுது. ஜெயித்தாலும் வருவேன், தோற்றாலும் வருவேன். வாதாடாமல் "வா அக்கா" என்று மட்டும் எழுதினால் வரமாட்டேன். பெரியப்பா மகள் சுகந்தியை நிற்க வைத்துக்கொள்.

இன்று அவிநாசி கோயிலில் உன் பேருக்கும் அந்தப் பெண் பேருக்கும் அர்ச்சனை செய்தேன். கோபம் வேறு, அர்ச்சனை வேறு.

அக்கா,
ராசாத்தாள்

*

கணபதி, கோயமுத்தூர்,
8.5.2025

மதிப்பிற்குரிய அக்கா அவர்களுக்கு,

தங்கள் கடிதம் நேற்று வந்தது. தாங்கள் கேட்டபடி, மேனேஜருக்கு எழுதுவது போலவே எழுதுகிறேன்.

முதலில் ஒரு தகவல். சுகந்தியைக் கேட்டுவிட்டேன். "அக்கா குத்துக்கல்லாட்டம் இருக்கறப்ப நான் நின்னா, அப்புறம் அந்த அக்கா ஊட்டுக்கு நான் எந்த மூஞ்சிய வெச்சுட்டுப் போறது, போடா" என்று சொல்லிவிட்டது. ஆகவே எனக்கு வேறு வழி இல்லை.

இரண்டாவது, பிரவீனாவின் அப்பா என் போனை எடுப்பதே இல்லை. நான்கு நாளாகக் கூப்பிட்டுக்கொண்டே இருக்கிறேன். அவர் பட்டாளத்தில் இருந்து ரிட்டயர் ஆனவர். அவர் முன்னால் போர் வேண்டாம் என்று நீங்கள் பேசினீர்கள். அவர் இலையைவிட்டு எழுந்து போனார். எனக்கு முப்பத்து நாலு வயதாகிறது. எத்தனை வீட்டில் டிகிரி இல்லை, ஐ.டி. இல்லை, தோட்டம் பத்தாது என்று திருப்பி அனுப்பினார்கள் என்று உங்களுக்குத் தெரியும். ஒரு நல்ல பெண் அமைந்து, நிச்சயமும் முடிந்த இடத்தில் உங்கள் பாயசத்தால் அது கெட்டால் நான் என்ன செய்வது? அந்தப் பயத்தில் வந்த பேச்சுதான் அது.

இனி வாதம். நேற்று முதல் நம் பக்கம் அடிக்க ஆரம்பித்துவிட்டது. ஆகையால் இது இப்போது வெறும் பேச்சு இல்லை.

ஒருவன் வீட்டுக்குள் வந்து நம் ஆட்களைக் கொன்றுவிட்டுப் போகிறான். நாம் சும்மா இருந்தால் மறுபடி வருவான். வந்தால் வாங்குவோம் என்று அவனுக்குத் தெரிய வேண்டும். தெரிய வைக்க ஒரே வழி அடிப்பது. நீங்கள் ராத்திரி கதவைத் தாழ் போடுகிறீர்கள், தோட்டத்தில் நாய் கட்டியிருக்கிறீர்கள். அது எதற்கு? நாட்டுக்கு மட்டும் தாழும் நாயும் வேண்டாமா?

நீங்கள் கிருத்திகை தவறாமல் விரதம் இருப்பது முருகனுக்கு. முருகன் கையில் இருப்பது பூச்செண்டு இல்லை, வேல். அவரும் போருக்குப் போனவர்தான். அவரை மட்டும் நீங்கள் கேள்வி கேட்பதில்லை.

கடைசியாக, நான் காலேஜில் இருந்தபோது மேற்குத் தோட்டத்துச் சென்னியப்பன் உங்கள் வண்டித்தடத்தை மறித்து மண் வெட்ட ஜே.சி.பி. கொண்டுவந்தாரே, அன்றைக்கு அதன் முன்னால் போய் உட்கார்ந்தது யார்? "இது எங்க தடம், ஒரு சாண் உடமாட்டேன்" என்று கத்தியது யார்? ஒரு தடத்துக்கு அவ்வளவு என்றால் ஒரு நாட்டுக்கு எவ்வளவு?

பதிலை எதிர்பார்க்கும்,
மோகன்குமார்

*

முருகன் துணை

சேவூர்,
12.5.2025, திங்கள்

அன்புள்ள தம்பிக்கு,

நீ எழுதின கடிதம் இன்றைக்குத்தான் வந்தது. நீ எழுதும்போது சண்டை ஆரம்பித்திருந்தது. என் கைக்கு வரும்போது சண்டை நின்று இரண்டு நாள் ஆகிவிட்டது. நம் தபால் நகர்வதற்குள் இரண்டு நாடும் அடித்துக்கொண்டு நிறுத்தியும் விட்டன. மச்சான் சொல்கிறார், "அவங்களே உட்டுட்டாங்க, நீங்க ரெண்டு பேரும் எப்பத்தான் உடுவீங்க?" நமக்கு எல்லைக்கோடு இல்லை, அதனால் நிறுத்தத் தெரியவில்லை என்று சொன்னேன்.

சண்டை நின்ற சேதி கேட்டதும் விளக்கேற்றினேன். எல்லைப் பக்கத்து ஊர்களில் வீட்டைவிட்டு ஓடினவர்கள் திரும்பி வந்திருப்பார்கள். வராதவர்களும் இருப்பார்கள். இரண்டு பக்கத்திலும்.

"தாங்கள்", "நீங்கள்" என்று எழுதியிருக்கிறாய். நான் என்ன தாசில்தாரா? மேனேஜருக்கு எழுதுகிற மாதிரி என்றால் புத்தியைக் கொடுத்து எழுது என்று அர்த்தம். அடுத்த கடிதத்தில் ஒழுங்காக "நீ" என்று எழுது.

முருகனிடம் வருகிறேன். அவரை நான் கேள்வி கேட்பதில்லை என்றாயே, அது தப்பு. கேட்டிருக்கிறேன். வேல் எடுப்பதற்கு முன்னால் அவர் தூது அனுப்பினார். சூரன் கேட்கவில்லை. அப்புறம்தான் போர். போரில் சூரன் யானைத்தலையோடு வருகிறான், வெட்டினால் சிங்கத்தலையோடு வருகிறான். சூரசம்ஹாரத்தன்று நீயும் தோளில் உட்கார்ந்து பார்த்து அழுதவன்தான். ஒரு தலை போனால் இன்னொன்று வரும் என்று அந்தக் கூத்திலேயே சொல்லியிருக்கிறது. கடைசியில் அவனைக் கொன்று தீர்க்காமல் மயிலாக்கி ஏறிக்கொண்டார், சேவலாக்கிக் கொடியில் வைத்துக்கொண்டார். எதிரியைப் பக்கத்தில் வைத்து வாழத் தெரிந்தவர் வேல் எடுக்கட்டும். உன் டி.வி.க்காரர்களுக்கு மயில் வளர்க்கத் தெரியுமா?

தாழும் நாயும் சரி. திருடன் வந்தால் அடிக்காதே என்று நான் எங்கே சொன்னேன்? அடிக்க ஆரம்பிக்கும்போதே எங்கே கையை நிறுத்துவாய் என்று சொல் என்கிறேன். நான் ஒரு ரூம் கட்டுவதாக இருந்தாலும் எங்கே முடியும் என்று கேட்காமல் அஸ்திவாரம் தோண்ட விடமாட்டேன். மேஸ்திரி "பாத்துக்கலாமுங்க" என்றால் அனுப்பிவிடுவேன். போருக்குப் போகலாம் என்கிறவர்கள் எல்லாம் "பாத்துக்கலாமுங்க" என்கிற மேஸ்திரியாகத்தான் எனக்குத் தெரிகிறார்கள்.

ஜே.சி.பி. முன்னால் உட்கார்ந்தது நான்தான். ஆனால் உட்கார்ந்தது நான். பக்கத்து வீட்டுப் பிள்ளையை உட்கார வைத்துவிட்டு நான் பந்தியில் இருக்கவில்லை. இதுதான் என் பேச்சு முழுவதும். இதற்குப் பதில் எழுது.

நாச்சிமுத்து மாமாவைப் போனில் தேடாமல் நேரில் போய்ப் பார். பட்டாளத்துக்காரர் என்றால் கடித்துவிடுவாரா?

அக்கா

*

கணபதி,
16.5.2025

அன்புள்ள அக்காவுக்கு,

"நீ" என்றே எழுதுகிறேன். எனக்கும் அதுதான் கைக்கு வருகிறது.

நேற்று லீவு போட்டுவிட்டுப் பொள்ளாச்சிக்குப் போனேன். வியாழக்கிழமை என்பதால் மாமா மாட்டுச் சந்தையில் இருப்பார் என்று பிரவீனா சொன்னது. அத்தனை மாட்டுக்கு நடுவில் அவரைக் கண்டுபிடிப்பதற்குள் என் சட்டையை ஒரு கன்றுக்குட்டி நக்கி முடித்துவிட்டது. மாமா ஒரு காங்கேயம் பசுவின் பல்லைப் பார்த்துக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் பசுவை விட்டுவிட்டு வந்தார். நடந்த பேச்சை அப்படியே எழுதுகிறேன்.

"ஏனுங் மாப்ள, இந்த வெயில்ல?"

"போன் பண்ணுனேனுங் மாமா. நீங்க எடுக்கவே இல்லைங்க."

"அது தொட்டித் தண்ணியில உழுந்துபோச்சு. ரிப்பேர்க் கடையில கெடக்குது. சொல்லுங்க."

"அன்னைக்கு எங்கக்கா பேசுனதை மனசுல வெச்சுக்காதீங்க மாமா. அது படிக்காதது."

"எது படிக்காதது?" என்றார். ஒரு மாதிரிப் பார்த்தார். "அன்னைக்கு அந்த மண்டபத்துல கேக்க வேண்டிய கேள்விய அந்தம்மணி ஒருத்தருதான் கேட்டுச்சு. டி.வி.ய யாரு நிறுத்துனதுன்னு நெனச்சீங்க? கரண்டு போச்சுன்னா? நாந்தான் எந்திரிச்சுப் போயிப் ப்ளக்கைப் புடுங்கி உட்டேன். டி.வி.க்காரன் சைரன் போட்டான் பாருங்க, அந்தச் சத்தம் கேட்டா தட்டைப் போட்டுப்போட்டு ஓடோணும், அப்படித்தான் எங்களுக்குப் பழக்கம். இங்க என்னடான்னா அதைக் கேட்டுக்கிட்டு எரநூறு பேரு அப்பளம் நொறுக்கறாங்க. எனக்குச் சோறு எறங்கல."

நான் கன்றுக்குட்டி நக்கின சட்டையைத் துடைத்துக்கொண்டேன் அக்கா. அதற்குள் அவரே சொன்னார், "ஆனா உங்கக்கா சொன்னது முழுசும் சரின்னு நான் ஒத்துக்கமாட்டேன். போக வேண்டிய நேரத்துல போயித்தான் ஆவோணும். நேர்ல பாத்து ரெண்டு வார்த்தை பேசோணும். கை தூக்கச் சொன்னாங்கல்ல, நான் தூக்கறதுக்குள்ள அடுத்த எலைக்குப் போயிட்டாங்க. எனக்குப் பாயசமே வரல, சொல்லிப்போடுங்க."

ஆக, கல்யாணம் கெடவில்லை. உனக்கு ஒரு எதிர்க்கட்சிதான் கூடியிருக்கிறது.

நீ கேட்ட கேள்விக்கு வருகிறேன். போகிறவன் மட்டும்தான் பேசலாம் என்றால், தீ அணைக்கிறவன் மட்டும்தான் தீயைப் பற்றிப் பேச வேண்டும். ஓட்டுப் போடுகிற எல்லோரும் பேசத்தான் வேண்டும். பந்தியில் பேசியது தப்பு, அது மாமா சொன்ன பிறகு எனக்கு உறைக்கிறது. ஆனால் பேசியதே தப்பு என்று ஒத்துக்கொள்ள மாட்டேன்.

எங்கே நிறுத்துவாய் என்று கேட்டாய். அதற்கு என்னிடம் நல்ல பதில் இல்லை. இரண்டு மூன்று பேப்பர் எழுதிக் கிழித்துப் போட்டேன். எழுதியதெல்லாம் மேஸ்திரி மாதிரியே இருந்தது.

ஆனால் தடத்து விஷயத்தை விடமாட்டேன். நீ ஜே.சி.பி. முன்னால் உட்கார்ந்தாய், சரி. உனக்குப் பின்னால் தென்னை வரிசையில் மச்சானும் நானும் இன்னும் நாலு பேரும் தடியோடு நின்றோம். அதை நீ திரும்பிப் பார்த்திருக்க மாட்டாய். சென்னியப்பன் பார்த்தார். நீ சாத்வீகமாக உட்கார முடிந்ததற்குக் காரணம் பின்னால் நின்ற தடி. தடி இல்லாமல் நியாயம் மட்டும் உட்கார்ந்திருந்தால் அன்றைக்கே தடம் போயிருக்கும். ராணுவம் என்பது அந்தத் தடிதான். இதற்குப் பதில் சொல்.

தம்பி மோகன்

*

முருகன் துணை

சேவூர்,
21.5.2025, புதன்

அன்புள்ள தம்பிக்கு,

நாச்சிமுத்து மாமாவுக்கு வராமல் போன பாயசத்தை நினைத்து இரண்டு நாள் எனக்கு மனசு சரியில்லை. எண்ணெய் எத்தனை கரண்டி விட்டேன் என்று எழுதி வைப்பவள், சம்பந்தி இலைக்குப் பாயசம் விட்டேனா என்று பார்க்காமல் போயிருக்கிறேன். அவரிடம் நான் மன்னிப்புக் கேட்டதாகச் சொல்.

தடி விஷயம் படித்ததும் திக்கென்றது. இத்தனை வருஷம் நானே ஜெயித்ததாக நினைத்திருந்தேன். உடனே உன் மச்சானைக் கூப்பிட்டேன். "ஏனுங்க, அன்னைக்குப் பின்னால தடியோட நின்னீங்களா?"

அவர் முழித்தார். "தடியா? பொங்கலுக்கு வாங்குன கரும்பு கெடந்துச்சு. ஆளுக்கொண்ணு கடிச்சுக்கிட்டு வேடிக்கை பாத்துக்கிட்டு நின்னோம். உந்தம்பிதான் முழுக் கரும்பையும் தோள்ல சாச்சு வெச்சிருந்தான், காலேஜ் பையன் பாரு."

உன் ராணுவம் கரும்பு தின்றுகொண்டிருந்தது என்பதை இதன்மூலம் தெரிவித்துக்கொள்கிறேன்.

ஆனாலும் நியாயமாகப் பேச வேண்டும். தூரத்தில் இருந்து பார்த்தால் கரும்பும் தடியும் ஒன்றுதான். அதைப் பார்த்துச் சென்னியப்பன் பயந்திருந்தால் நீ சொன்னதுதான் சரி என்று ஆகும். யூகத்தில் விட எனக்கு மனம் இல்லை. நேற்று நேராக மேற்குத் தோட்டத்துக்கே போனேன். சென்னியப்பன் மோர் கொடுக்கச் சொல்லிவிட்டு என்ன விஷயம் என்றார். கேட்டேன்.

"அன்னைக்கு நீங்க பின்வாங்குனது என்னைப் பாத்தா, எங்க ஆளுகளைப் பாத்தா?"

அவர் சிரித்த சிரிப்பில் மோர் சிந்தியது. "ரெண்டும் இல்லைங் அம்மணி. ஜே.சி.பி. மணி வாடகைங்க. அவன் எஞ்சினை நிறுத்தாம உறுமிக்கிட்டே நிக்கறான், எனக்கு ஏறிக்கிட்டே போகுது. சரி, பொம்பளையாளு, செத்த நேரத்துல எந்திரிச்சுருவீங்கன்னு பாத்தேன். மத்தியானம் உங்க ஊட்டுக்காரர் டிபன் கேரியர் கொண்டாந்து உங்க முன்னால வெச்சாரு பாருங்க, நாலு அடுக்கு. அதைப் பாத்ததும் இது இன்னைக்கு ஆவற காரியம் இல்லைன்னு வண்டிய அனுப்பிச்சுப்போட்டேன்."

என் தைரியமும் இல்லை, உன் தடியும் இல்லை. உன் மச்சான் கொண்டுவந்த சோறு. அவரிடம் சொன்னேன். மீசையைத் தடவிக்கொண்டு, "அன்னைக்கு ரசத்துல உப்பு இல்லைன்னு திட்டுனியே" என்கிறார்.

சிரித்து முடித்த பிறகு, வரும் வழியெல்லாம் யோசித்துக்கொண்டே வந்தேன் தம்பி. உன் கடிதத்தில் எனக்குப் பதில் தெரியாத ஒன்று இருக்கிறது. நான் தைரியமாக உட்கார்ந்ததற்குக் காரணம், சென்னியப்பன் வண்டியை என்மேல் ஏற்றமாட்டார் என்று எனக்கு உள்ளுக்குள் தெரியும். அவர் நல்ல மனுஷர். வாடகைக்குப் பயப்படுகிறவர். உயிருக்கும் பயப்படுகிறவர். ஏற்றுகிற ஆள் ஒருத்தன் அந்த வண்டியில் இருந்திருந்தால் நான் என்ன செய்திருப்பேன்? காஷ்மீரில் அந்த அப்பாவிகள் முன்னால் வந்து நின்றவன் சென்னியப்பன் இல்லை. இதை நான் மறைக்க விரும்பவில்லை. சன்னிதியில் நின்று கேட்டும் பார்த்தேன். இன்றைக்கு வரை பதில் இல்லை.

வாதம் ஒழுங்காகத்தான் நடக்கிறது. சொன்னபடி இணைச்சீருக்கு வருவேன், அதில் மாற்றம் இல்லை. ஆனால் ஒன்று சொல்லிவிடுகிறேன். "எட்டாங்கிளாசோட நின்னவ" என்பதை நீ தபாலில் சொல்லவில்லை. இருநூறு பேர் இலை முன்னால் சொன்னாய். சந்தையிலும் "படிக்காதது" என்று சொல்லியிருக்கிறாய், நீயே எழுதியிருக்கிறாய். அதே இருநூறு பேர் கல்யாணத்துக்கும் வருவார்கள். நான் பட்டுச்சேலை கட்டி உன் பக்கத்தில் நிற்பேன். முகம் சிரித்த மாதிரி இருக்குமா என்று மட்டும் என்னால் உறுதி சொல்ல முடியாது.

அக்கா

*

கணபதி,
25.5.2025

அக்கா,

கரும்பு விஷயத்தை மாமாவிடம் சொன்னேன். போனிலேயே ஐந்து நிமிஷம் சிரித்தார். பட்டாளத்தில் இதைவிட மோசமான தடியெல்லாம் பார்த்திருக்கிறாராம். பாயசக் கணக்கு இன்னும் நிலுவையில் இருப்பதாகவும் சொல்லச் சொன்னார்.

உன் கடிதத்தின் கடைசிப் பத்தியை நான் மூன்று தடவை படித்தேன். எனக்குத் தபாலில் பதில் எழுதி ஆகாது என்று தெரிந்தது. அதனால் நேற்று ஒரு காரியம் செய்துவிட்டேன். நீ திட்டுவாய். திட்டு.

நம் சொந்தக்காரர்கள் குரூப்பில் உன் கடிதங்களைப் போட்டோ எடுத்துப் போட்டுவிட்டேன். எல்லாப் பக்கமும். மேலே இப்படி எழுதினேன்: "நிச்சயத்தன்று எங்கள் அக்காவை எட்டாங்கிளாஸ் என்று நான் சொன்னதை எல்லோரும் கேட்டீர்கள். அக்கா எழுதியதை இப்போது படியுங்கள். அக்காவுக்குப் பதில் எனக்கு முழுசாகத் தெரியவில்லை. நான் சொன்னது தப்பு. உங்களில் யாருக்காவது பதில் தெரிந்தால் சொல்லுங்கள்."

காலையிலிருந்து மத்தியானம் வரை குரூப்பில் சத்தமே இல்லை. அப்புறம் பெரியப்பா ஒரு ரோஜாப்பூவோடு குட்மார்னிங் படம் அனுப்பினார். மணி இரண்டு. பிறகு சுகந்தி, "அக்கா கையெழுத்து பிரிண்டு போட்டாப்பல இருக்குது" என்று எழுதியது. அதற்குப் பிறகு ஆரம்பித்தது பார். கருமத்தம்பட்டிச் சித்தப்பா உன் கட்சி. காரமடைச் சித்தி என் கட்சி. மயில் சூரனா, சேவல் சூரனா, இரண்டுமா என்று தனியாக ஒரு சண்டை. டி.வி.யில் வந்ததை அப்படியே அனுப்பிக்கொண்டிருந்த மாப்பிள்ளை ஒருத்தரை, "ராசாத்தாளாட்டம் சொந்தமா ரெண்டு வரி எழுது பாக்கலாம்" என்று சித்தப்பா கேட்டுவிட்டார். அவர் குரூப்பைவிட்டே போய்விட்டார். சாயந்திரம் திரும்பி வந்துவிட்டார்.

அதில் உன் பதில் தெரியாத பத்தியும் இருந்தது. அதைத்தான் நிறையப் பேர் பேசினார்கள். தெரியாது என்று எழுதுவதற்கு ஒரு தைரியம் வேண்டும் என்று பிரவீனா சொன்னது. நான் "ஆமா" என்றேன். "நீங்க நிச்சயத்துல அப்படி எதுவும் சொல்லலியே" என்றது. எனக்குக் கல்யாணத்துக்கு முன்னாலேயே ஆரம்பித்துவிட்டது அக்கா.

வருகிறாய் என்று தெரியும். சிரித்துக்கொண்டு வா.

மோகன்

*

முருகன் துணை

சேவூர்,
29.5.2025, வியாழன்

தம்பி,

கேட்காமல் போட்டது தப்பு. பெரிய தப்பு. மூன்றாவது கடிதத்தில் ஓரத்தில் எண்ணெய்க் கறை இருந்தது, அதையும் ஊரே பார்த்துவிட்டது. இனிமேல் போடுவதாக இருந்தால் முதலில் சொல், நல்ல தாளில் எழுதுகிறேன்.

நேற்று அவிநாசியில் பஸ்ஸுக்கு நின்றேன். கருமத்தம்பட்டிச் சித்தப்பா ஸ்கூட்டரை நிறுத்தி, "ஏம்மா ராசாத்தா, போர் வேண்டாம்னே, சரி. எல்லையில வேலி போடலாமா வேண்டாமா, அதைச் சொல்லு" என்று கேட்டுவிட்டுப் பதிலுக்கு நின்றார். இத்தனை வருஷத்தில் அந்த மனுஷர் என்னிடம் "சோறு ஆச்சா" தவிர வேறு எதுவும் கேட்டதில்லை. பஸ்ஸை விட்டுவிட்டேன். வேலியைப் பற்றி நாங்கள் அரை மணி நேரம் பேசினோம்.

இணைச்சீருக்குச் சேலை எடுத்துவிட்டேன். அரக்கு, பச்சைக் கரை. மச்சானுக்குப் புதுச் சட்டை. நாச்சிமுத்து மாமாவுக்கு ஒரு தூக்குப் பாயசம் தனியாகக் கொண்டுவருகிறேன், பந்திக்கு முன்னாலேயே கொடுத்துவிடுவேன். மண்டபக்காரரிடம் டி.வி.யைக் கழற்றி வைக்கச் சொல்.

ஏற்றுகிற ஆள் வண்டியில் இருந்தால் என்ன செய்வேன் என்று எழுதியிருந்தேனே, இன்னும் யோசித்துக்கொண்டிருக்கிறேன். கிடைத்தால் நேரில் சொல்கிறேன்.

அக்கா

*

கணபதி,
11.6.2025

அன்புள்ள அக்காவுக்கு,

நானும் பிரவீனாவும் நலம். மறுவிருந்துக்கு ஞாயிற்றுக்கிழமை சேவூர் வருகிறோம். மாமாவும் வருகிறார். பாயசம் நன்றாக இருந்ததால் தன் கருத்தை மாற்றிக்கொள்ள மாட்டேன் என்று முன்கூட்டியே சொல்லச் சொன்னார்.

இந்தக் கடிதம் ஒரு புகார்.

விடியற்காலையில் இணைச்சீர் நடக்கிறது. கூறைச்சேலையின் ஒரு தலைப்பு உன் கையில், மறுதலைப்பு என் கையில். கல்யாணம் நடத்திவைக்கிற அருமைக்காரர் அரிசியும் தேங்காயும் வைத்துச் சாங்கியம் செய்கிறார். எனக்கு எழுந்திரிக்கவும் வழியில்லை, வாய் திறக்கவும் வழியில்லை. அந்த நேரம் பார்த்து நீ என் காதுப் பக்கம் குனிந்து பேசினாய். எல்லோரும் நீ ஆசீர்வாதம் செய்வதாக நினைத்தார்கள். சுகந்தி அழுதுவிட்டது. காரமடைச் சித்தி சேலைத் தலைப்பில் மூக்கைச் சிந்தியது. வீடியோக்காரன் அதைத்தான் மெதுவாக ஓட்டி, பின்னால் புல்லாங்குழல் போட்டிருக்கிறான்.

நீ என்ன சொன்னாய் என்று அவர்களுக்குத் தெரியாது. எனக்குத் தெரியும். "மேல ஏத்தற ஆளா இருந்தா நானும் எந்திரிச்சு அடிப்பேன் கண்ணு. ஆனா அடிச்சுப்போட்டு வந்து அன்னைக்கு ஊட்டுல சோறு பொங்கமாட்டேன். பந்தியில ஒக்காந்து சிரிக்க மாட்டேன். எழவு ஊடாட்டம் இருப்பேன். அப்படி இருக்க முடியறவன் மட்டும் போலாம்னு சொல்லட்டும்."

இது நியாயம் இல்லை அக்கா. எதிராளி வாய் திறக்க முடியாத இடத்தில் கடைசி வாதத்தை வைப்பது எந்த ஊர் வழக்கம்?

அதோடு முடியவில்லை. வீடியோவில் நான் தலையாட்டுகிறேன். நான் ஒத்துக்கொண்டுவிட்டதாகவும், சாட்சிக்கு வீடியோ இருப்பதாகவும் நீ கருமத்தம்பட்டி வரைக்கும் சொல்லிக்கொண்டு திரிவதாகக் கேள்விப்பட்டேன். நான் தலையாட்டியது உன் வாதத்துக்கு இல்லை. அருமைக்காரர் மாலை போட வந்தார், தலையைக் குனிந்தேன், அவ்வளவுதான். இதை எழுத்திலேயே பதிவு செய்கிறேன்.

நேற்று இதையே பிரவீனாவிடமும் சொன்னேன். அது பேசாமல் வீடியோவைப் போட்டு ஒரு இடத்தில் நிறுத்திக் காட்டியது. மாலை என் கழுத்துக்கு வந்து, அருமைக்காரர் அடுத்த சாங்கியத்துக்குப் போயே விட்டார். நான் இன்னும் தலையாட்டிக்கொண்டிருக்கிறேன்.

தம்பி,
மோகன்